அலுமாரியில் உறங்கும் சுருள்கள்

கேள்வி: தொலைக்காட்சியிலே காட்டும் பழைய கொழும்புக் காட்சிகள் எங்கிருந்து கிடைக்கின்றன? கொட்டாஞ்சேனையில் என் பாட்டனார் எடுத்த படச்சுருள்கள் சில எம்மிடம் உள்ளன. அவற்றை என்ன செய்யலாம்?
— ஒரு வாசகி, வெள்ளவத்தை

பதில்: இந்நாட்டில் தொலைக்காட்சி தோன்றியதே 1979 இல் ஆகையால், அதற்கு முற்பட்ட காட்சிகளுக்கு, 1948 இல் ஸ்தாபிக்கப்பட்டதும், 'ரேகாவ' திரைப்படத்தை எடுக்குமுன் இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் பணியாற்றியதுமான அரசாங்கத் திரைப்படப் பிரிவின் படங்களையே பெரிதும் நாட வேண்டியிருக்கிறது. எஞ்சியவை சொற்பம். 1983 ஜூலையில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ தீக்கிரையானபோது அங்கிருந்த மூலப்பிரதிகளும் சாம்பராயின. அந்த நஷ்டத்தை நினைக்குந்தோறும் என் மனம் பதைக்கிறது.

ஆகவே உங்கள் பாட்டனாரின் சுருள்கள் குடும்பச் சொத்து மாத்திரமல்ல. டப்பாவைத் திறந்ததும் வினாகிரி வாடை வீசுமாயின், அசிற்றேற்றுச் சுருள் சிதையத் தொடங்கிவிட்டதென்று அறிந்து, அதனை மற்றவற்றினின்று பிரித்து, வெள்ளவத்தையின் உப்புக் காற்றும் ஈரமும் அணுகாத குளிர்ந்த இடத்தில், காற்றுப் புகாதபடி இறுக மூடாமல் வையுங்கள். ஆசை மேலீட்டால் பழைய புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்க வேண்டாம். சுருங்கிய சுருள் கிழிந்துபோகும். தேர்ந்தவர்களைக் கொண்டு ஸ்கேன் செய்வித்த பின், தொலைக்காட்சியார் கேட்டால் அந்தப் பிரதியையே கொடுங்கள்; மூலச்சுருள் கைமாறலாகாது.

இன்னொன்று: திகதியும் தெருவும் தெரியாத காட்சி எவருக்கும் பயன்படாது. படத்திலுள்ள முகங்களை அடையாளங் காட்டவல்ல முதியவர்கள் உங்கள் வீட்டில் இருப்பார்களானால், இன்றைக்கே அவர்களருகில் அமர்ந்து எழுதிக்கொள்ளுங்கள்.