மருத்துவர் இலட்சுமி

நுழையும்முன்

கேப்டன் இலட்சுமி என்றால் சீருடையணிந்து நேதாஜிக்கு அருகில் நிற்கும் ஓர் ஒளிப்படமே நம் நினைவுக்கு வரும். அவர் அந்தச் சீருடையில் இருந்த காலம் ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள். மருத்துவராக வாழ்ந்த காலமோ அறுபது ஆண்டுகளுக்கும் மேல். போர்க்களத்திற்கும் பின்னர் அரசியலுக்கும் அவரை இட்டுச்சென்ற வழியை இப்பாடம் விளக்குகிறது.

சென்னை மாநகரில் 1914ஆம் ஆண்டு அக்டோபர் 24ஆம் நாள் இலட்சுமி பிறந்தார். தந்தை சுவாமிநாதன் புகழ்பெற்ற வழக்கறிஞர். தாய் அம்மு சுவாமிநாதன் விடுதலைப் போராட்ட வீராங்கனை. பின்னாளில் அரசியலமைப்பு நிர்ணய மன்றத்தில் இடம்பெற்ற பெண்களுள் ஒருவர். 1952ஆம் ஆண்டுத் தேர்தலில் திண்டுக்கல் தொகுதியிலிருந்து மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டவர். அரசியல் பேச்சு ஓயாத வீடு அது. சரோஜினி நாயுடுவின் தங்கையும் பொதுவுடைமையருமான சுஹாசினி சட்டோபாத்யாய அவ்வீட்டில் தங்கியிருந்தபோது, இளம்பெண்ணான இலட்சுமி அவரிடமிருந்து உழைக்கும் மக்களின் உரிமைகளைப் பற்றி முதன்முதலாகக் கேட்டறிந்தார்.

சென்னை மருத்துவக் கல்லூரியில் பயின்று 1938இல் பட்டம் பெற்ற அவர், மகப்பேறு மருத்துவத்தில் பட்டயமும் பெற்றார். திருவல்லிக்கேணியிலுள்ள மகளிர் மருத்துவமனையில் சிறிது காலம் பணியாற்றிய பின், 1940இல் சிங்கப்பூருக்குப் புறப்பட்டார்.

அங்கே அவர் தொடங்கிய மருத்துவமனையை நாடி வந்தவர்களுள் பெரும்பாலோர் இந்தியாவிலிருந்து சென்ற ஏழைத் தொழிலாளர்கள். கப்பலேறிப் போய்த் துறைமுகத்திலும் தோட்டங்களிலும் உழைத்த அம்மக்களின் வறுமையை அவர் நாள்தோறும் கண்டார். பின்னாளில் தம் படையில் சேர்ந்த பெண்களின் வாழ்க்கையை அவர் அறிந்துகொண்டது இங்கேதான்.

1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் ஜப்பானியரிடம் வீழ்ந்தது. காயமுற்ற போர்க்கைதிகளுக்கு இலட்சுமி மருத்துவம் செய்தார். அடுத்த ஆண்டு ஜூலை 2 அன்று நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர் வந்து சேர்ந்தார். பெண்களும் ஆயுதமேந்திப் போரிட வேண்டும் என்று அவர் அறிவித்தபோது கூட்டத்தினர் வியந்தனர், சிலர் ஐயுற்றனர். ஓரிரு நாள்களில் இருபது பெண்களைத் திரட்டி, வெண்ணிறச் சேலையுடன் கனமான துப்பாக்கிகளை ஏந்தச் செய்து, நேதாஜிக்கு அணிவகுப்பு மரியாதை அளித்தார் இலட்சுமி. அதன்பின் நேதாஜி அவரை அழைத்து நெடுநேரம் உரையாடினார். மறுநாளே மருத்துவமனைப் பணியை நிறுத்திவிட்டு அவர் படை திரட்டும் பணியில் இறங்கினார்.

1943 அக்டோபர் 21 அன்று அமைந்த தற்காலிக விடுதலை அரசின் அமைச்சரவையில் இடம்பெற்ற ஒரே பெண் அவரே. மறுநாள் ஜான்சிராணி படைப்பிரிவின் பயிற்சி முகாம் சிங்கப்பூரில் தொடங்கப்பட்டது.

அப்படையில் சேர்ந்த பல நூறு பெண்களுள் பெரும்பாலோர் தமிழர். அவர்களிலும் பலர் மலேயாவின் இரப்பர்த் தோட்டங்களில் பால்வெட்டிப் பிழைத்தவர்கள். கங்காணியின் அதட்டலுக்குப் பழகிய அவர்களுக்குப் படையில் கிடைத்தது, பெயர் சொல்லி அழைக்கும் மதிப்பு. இந்தியாவை ஒருமுறைகூடக் காணாதவர்களும் அவர்களுள் இருந்தனர்! கட்டளைகள் இந்துஸ்தானியில் இருந்தன; முகாமில் ஒலித்த பேச்சோ பெரும்பாலும் தமிழ். கோலாலம்பூரில் வசதியான குடும்பத்தில் பிறந்த ஜானகி என்னும் இளம்பெண்ணும் இப்படையில் சேர்ந்து பொறுப்புயர்ந்தார். பிற்காலத்தில் அவர் மலேசிய நாடாளுமன்ற மேலவையின் உறுப்பினரானார்.

இவ்வரலாற்றில் மறைத்துவிடக் கூடாத பகுதி ஒன்றுண்டு. நேதாஜியின் படைக்குத் துணைநின்ற அதே ஜப்பானியப் படைதான், மலேயத் தோட்டங்களிலிருந்து தமிழர்களை அழைத்துச்சென்று சயாம்–பர்மா இருப்புப்பாதைப் பணியில் வாட்டியது. அதில் பல்லாயிரம் தமிழர் மாண்டனர். ஆங்கிலேயரை எதிர்க்க யாருடைய துணையையும் பெறலாமா என்னும் வினா இன்றும் வரலாற்றறிஞர்களிடையே எழுப்பப்படுகிறது. படையில் சேர்ந்த தோட்டத்துப் பெண்களுக்கு முன் இருந்த வழிகள் மிகச் சில என்பதையும் சேர்த்து எண்ணியே விடை காண வேண்டும்.

தெரிந்து தெளிவோம்

இலட்சுமி சிங்கப்பூரில் படை திரட்டிய அதே 1943ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில், போலந்து நாட்டின் பியாலிஸ்டாக் நகரில், நாஜிப் படையினரால் அடைக்கப்பட்டிருந்த யூதர்கள் கிளர்ந்தெழுந்தனர். அந்த எதிர்ப்பியக்கத்தை வழிநடத்தியவர்களுள் ஒருவர் ஹைக்கா குரோஸ்மன் என்னும் இருபத்து மூன்று வயதுப் பெண். யூதர் என்பதை மறைத்துப் போலி அடையாளச் சான்றுடன் செய்தியும் ஆயுதமும் கடத்தியவர். 1948இல் இசுரேலுக்குக் குடிபெயர்ந்த அவர், 1969 முதல் அந்நாட்டு நாடாளுமன்றத்தின் உறுப்பினராக விளங்கினார். இவர் எதிர்த்த ஜெர்மனியும் நேதாஜிக்குத் துணைநின்ற ஜப்பானும் அப்போரில் ஒரே அணியில் இருந்தன.

இம்பால் போர் தோல்வியில் முடிந்தது. ஜான்சிராணி படையினர் பர்மாவில் காயமுற்ற வீரர்களைப் பேணினர். பின்னர் பின்வாங்க நேர்ந்தது. 1945இல் ஆங்கிலேயரிடம் பிடிபட்ட இலட்சுமி, 1946 மார்ச்சு வரை பர்மாவிலேயே வைக்கப்பட்டு, அதன்பின் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டார். செங்கோட்டை வழக்கில் விசாரிக்கப்பட்ட மூன்று அதிகாரிகளுள் ஒருவரான பிரேம்குமார் சேகலை 1947 மார்ச்சில் மணந்து கான்பூரில் குடியேறினார்.

விடுதலையோடு அவருடைய பொதுவாழ்வு முடிந்திருக்கலாம். பதவி கேட்டுத் தில்லிக்குச் செல்லும் தகுதியும் அவருக்கு இருந்தது. அவரோ பிரிவினையால் வீடிழந்து கான்பூருக்கு வந்தோருக்கு மருத்துவம் செய்தார். ஆலைத் தொழிலாளர் மிகுந்த அந்நகரில் ஏழைப் பெண்களின் மகப்பேற்றுக்கு அவருடைய மருத்துவமனை துணையாயிற்று.

1971இல் வங்கதேச அகதிகள் எல்லை கடந்து பெருகி வந்தபோது, மேற்கு வங்கத்து முகாம்களில் சென்று பணியாற்றினார். இதையொட்டியே மார்க்சிஸ்ட் பொதுவுடைமைக் கட்சியில் இணைந்தார். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தாறு. 1981இல் சென்னையில் அனைத்திந்திய சனநாயக மாதர் சங்கம் உருவானபோது அதன் நிறுவனர்களுள் ஒருவராக இருந்தார். 1984ஆம் ஆண்டு அவரைப் பெரிதும் சோதித்தது. பிரதமர் இந்திரா காந்தி கொலையுண்டபின் சீக்கியரைத் தாக்க வந்த கும்பலைக் கான்பூர்த் தெருவில் எதிர்கொண்டு நின்றார். தம் மருத்துவமனையைச் சுற்றியிருந்த சீக்கியர் எவரும் தாக்கப்படாமல் காத்தார். அவ்வாண்டு டிசம்பரில் போபாலில் நச்சுவாயு கசிந்தபோது மருத்துவக் குழுவுடன் அங்கே விரைந்தார். எழுபது வயதில் இவ்விரண்டையும் செய்தவரை ஓய்வுபெற்ற வீராங்கனை என்று சொல்ல இயலுமா?

1998இல் இந்திய அரசு அவருக்குப் பத்மவிபூஷண் விருது வழங்கியது.

2002இல் குடியரசுத் தலைவர் தேர்தல் வந்தது. ஆளுங்கூட்டணியும் காங்கிரசும் அறிவியலறிஞர் ஆ.ப.ஜெ. அப்துல் கலாமை ஆதரித்தன. இடதுசாரிக் கட்சிகள் நான்கும் எண்பத்தேழு வயதான இலட்சுமியை வேட்பாளராக நிறுத்தின. இராமேசுவரத்தில் பிறந்தவரும் சென்னையில் பிறந்தவரும் நாட்டின் முதற்பதவிக்குப் போட்டியிட்ட அரிய தேர்தல் அது. வெற்றி கிட்டாது என்பதை அவர் நன்கறிவார். எனினும் ஊர் ஊராகச் சென்று வறுமையையும் அநீதியையும் பற்றிப் பேசினார். எதிர்த்துப் போட்டியிட்டவரை இகழவில்லை. கலாம் பெற்ற வாக்கு மதிப்பு 9,22,884. இலட்சுமி பெற்றது 1,07,366.

தேர்தலுக்குப் பின் அவர் கான்பூர் மருத்துவமனைக்குத் திரும்பினார். தொண்ணூற்றிரண்டாம் வயதிலும் நோயாளிகளைப் பார்த்துவந்தார். 2012 ஜூலை 23 அன்று தம் 97ஆம் வயதில் மறைந்தார். அவருடைய உடல் கான்பூரிலுள்ள கணேஷ் சங்கர் வித்யார்த்தி நினைவு மருத்துவக் கல்லூரிக்கு, மருத்துவ மாணவர்கள் பயில்வதற்காக, வழங்கப்பட்டது.