பாடம் 6: திரும்பி வந்த பிள்ளை ஏன் ஒதுங்கியிருக்கிறது?

1983 ஆடிக் கலவரத்தில் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனைப் பகுதிகளில் வாழ்ந்த தமிழ்க் குடும்பங்கள் பல இடம்பெயர்ந்தன. சில தமிழ்நாட்டு முகாம்களை அடைந்தன. இன்று திரும்பும்போது பெரியவர்களுக்கு இது சொந்த ஊர். முகாமில் பிறந்த பிள்ளைக்கோ முற்றிலும் புதிய ஊர்.

ஓர் உதாரணத்தைப் பார்ப்போம். பாடசாலையால் வந்த பத்து வயதுப் பிள்ளை, "டீச்சர் என்கிட்ட பேசினாங்க" என்று மகிழ்ச்சியோடு சொல்கிறது. அம்மம்மாவோ, "என்ன குழப்படி செய்தனி?" என்று கேட்கிறார். தமிழ்நாட்டில் பேசுவது உரையாடுவது. எங்கள் பேச்சில் அது ஏசுவதும் ஆகும். வகுப்பில் ஆசிரியர் "கதைக்க வேண்டாம்" என்றால், 'நான் கதை சொல்லவில்லையே' என்று பிள்ளை திகைக்கிறது. அங்கே 'சிலோன்காரன்' எனப்பட்ட பிள்ளைக்கு இங்கே 'இந்தியாக்காரன்' என்று பட்டம். கொஞ்ச நாளில் பிள்ளை வாய் திறப்பதையே நிறுத்திவிடுகிறது. அதைத் தலைக்கனம், மந்தம் என்று நாம் தவறாக எண்ணுகிறோம்.

கவனிக்க வேண்டியவை
• காலையில் அடிக்கடி வயிற்றுவலி, தலையிடி என்று சொல்லுதல்
• இடைவேளையில் தனித்திருத்தல்
• சாப்பாடும் நித்திரையும் குறைதல்

வீட்டில்
பிள்ளையின் பேச்சைக் கேலி செய்யாதீர்கள். மற்றவர்கள் செய்யவும் விடாதீர்கள். உறவினர் பிள்ளைகளோடு ஒப்பிடாதீர்கள். தினமும் சிறிது நேரம் பிள்ளை சொல்வதை இடைமறிக்காமல் கேளுங்கள். முகாமில் விட்டுவந்த நண்பர்களைப் பற்றியும் கதைக்க விடுங்கள்.

பாடசாலையில்
முதல் வாரத்திலேயே வகுப்பாசிரியரைச் சந்தித்துப் பிள்ளை எங்கே படித்தது என்று சொல்லுங்கள். இங்குள்ள தமிழ்ப் பிள்ளைகள் சிங்களத்தை இரண்டாம் மொழியாகக் கற்கிறார்கள்; உங்கள் பிள்ளைக்கு அந்த எழுத்தே புதிது. அதில் பின்தங்குவது மந்தம் அல்ல என்பதை விளக்குங்கள். அருகில் இருத்த ஒரு நல்ல தோழனையோ தோழியையோ கேளுங்கள். ஒரு நட்பு கிடைத்தாலே பிள்ளை பாதி தேறிவிடும்.

உதவி தேவைப்பட்டால்
பிள்ளையை யாராவது அடித்தால் அல்லது துன்புறுத்தினால், தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929 இலக்கத்தை அழையுங்கள். மனநல ஆலோசனைக்கு 1926. பிரதேச செயலகத்தில் உள்ள சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தரையும் சந்திக்கலாம்.

குடும்பமாகக் கலந்துரையாடுங்கள்
திரும்பி வந்தபின் நம் பிள்ளை வாய்விட்டுச் சிரித்தது எப்போது? அன்று அதன் அருகில் இருந்தவர் யார்?