சிறு குழுவும் சிந்தனையும்

கோவையிலிருந்து சத்தியமங்கலம் செல்லும் சாலையில் அமைந்தது சரவணம்பட்டி. கொங்கு நாட்டு உழவர் பலர் தத்தம் தோட்டத்துச் சாளையிலேயே குடியிருந்தவர். ஆதலால் அவர்கள் ஒருங்கே கூடுவது கோயில் நோன்பிலும், சந்தையிலும், திண்ணையிலுமே. எந்த விதையை விதைப்பது, பெண் குழந்தையை எதுவரை படிக்க வைப்பது என்பன போன்ற முடிவுகள், வீட்டில் பிறந்தனபோல் தோன்றினும், பெரும்பாலும் இத்தகைய சிறு கூட்டங்களில் முளைத்தவையே. இதன் காரணத்தை நாம் ஆராய்வது நலம்.

இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்காவில் இறைச்சிக்குத் தட்டுப்பாடு ஏற்பட்டது. மக்கள் விரும்பாத இதயம், சிறுநீரகம் முதலியவற்றையும் சமைக்குமாறு இல்லத்தரசிகளைத் தூண்ட வேண்டியிருந்தது. கர்ட் லெவின் என்னும் அறிஞர் சில குழுக்களுக்குச் சொற்பொழிவு நிகழ்த்தச் செய்தார். வேறு சில குழுக்களைத் தமக்குள் கலந்து பேசி முடிவு செய்யுமாறு விட்டார். சொற்பொழிவைக் கேட்டவர்களுள் 100-க்கு 3 பேரே பின்னர்ப் புதிய உணவைச் சமைத்தனர். கலந்து பேசியவர்களுள் 32 பேர் சமைத்தனர். 'பிறர் என்ன சொல்வரோ' என்ற அச்சம், 'பிறரும் செய்கின்றனர்' என்ற துணிவாக மாறியதன்றோ!

நம் நாட்டிலும் இவ்வுண்மை பயன்பட்டுள்ளது. 1956-இல் யுனெஸ்கோவின் துணையுடன் பம்பாய் இராஜ்யத்தில் சுமார் 150 கிராமங்களில் வானொலி மன்றங்கள் பரீட்சார்த்தமாக நிறுவப்பெற்றன. மக்கள் நிகழ்ச்சியைக் கேட்டதோடு நில்லாது, கூடி விவாதித்துச் செயலிலும் இறங்கினர். தமிழ்நாட்டில் 1989-இல் தர்மபுரி மாவட்டத்தில் தொடங்கிய மகளிர் சுய உதவிக் குழுக்களில் 12 முதல் 20 பேர் வரையே சேர்க்கப்படுவதும் கருதத்தக்கது. அந்த அளவில்தான் ஒவ்வொருவர் குரலும் கேட்கும்.

எனினும், குழு நல்வழியில் மட்டுமே செலுத்தும் என எண்ணுதல் தவறு. சாலமன் ஆஷ் என்பவர் 1951-இல் வெளியிட்ட சோதனையில், கோடுகளின் நீளத்தை மற்றவர் அனைவரும் வேண்டுமென்றே தவறாகக் கூற, சோதிக்கப்பட்டவர்களின் விடைகளில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு அத்தவற்றையே பின்பற்றின. ஆனால் ஒரே ஒருவர் உண்மையைக் கூறியவுடன் அவ்வீழ்ச்சி மிகவும் குறைந்தது. சாதியாலோ, வறுமையாலோ, பெண் என்பதாலோ ஓரத்தில் அமர்ந்திருப்பவர் வாய் திறவாத கூட்டத்தில், ஒருமித்த முடிவு என்பது பெரியவர் ஒருவரின் முடிவேயாகும்.

சரவணம்பட்டி 2011-இல் கோவை மாநகராட்சியுடன் இணைந்தது. கிராம சபை ஊராட்சிகளுக்கே உரியது. நகர்ப்புறங்களுக்கென 2022-இல் பகுதி சபைகள் ஏற்பட்டன. சாளைகள் இருந்த இடங்களில் அடுக்குமாடிகள் எழுந்துள்ளன. அண்டை வீட்டாரை அறியாதவர் சபையில் அமர்ந்து பேசுவது எங்ஙனம்? ஆகவே தெருவுக்கொரு சிறு கூட்டம் முதற்கண் வேண்டும்.

அதனை நடத்துவோர் நான்கு நெறிகளைக் கைக்கொள்ளலாம்: அனைவரும் வட்டமாக அமர்க, இளையவரும் எளியவரும் முதலில் பேசுக, தலைவர் இறுதியில் பேசுக, மாறுபட்ட கருத்தையும் ஏட்டில் பதிக.

கூடிப் பேசும் ஊர் தானே சிந்திக்கும் ஊராகும். ஆனால் அங்கே தனித்து நிற்பவரின் சொல்லுக்கும் இடம் இருத்தல் வேண்டும். அவ்விடத்தை அளிப்பது நம் ஒவ்வொருவரின் கடமையாகும்.