உப்பு குறைந்த உணவில் கியூபா முறை முழுமீன்

இதயச் செயலிழப்புக்காக என்னிடம் சிகிச்சை பெற்றுவரும் முதியவர் ஒருவர், மூன்று வாரங்களுக்குள் இரண்டாம் முறையாகக் கால் வீக்கத்துடனும் மூச்சுத்திணறலுடனும் இங்கே சேர்க்கப்பட்டார். மருந்துகளை ஒரு வேளைகூட அவர் தவறவிடவில்லை. விசாரித்தபோது, உப்பில்லாமல் வைத்த மீன்குழம்பை உண்ண மனமின்றி, நான்கு நாள்களாகக் கருவாட்டை வறுத்துச் சோற்றுடன் உண்டு வந்தது தெரிந்தது. "உப்பும் வேண்டாம், எண்ணெயும் வேண்டாம் என்றால் மீனை எப்படித்தான் சமைப்பது, டாக்டர்?" என்று அவருடைய மனைவி கேட்டார். அன்று அவருக்கு நான் கூறிய விடையின் விரிவே இக்கட்டுரை.

அந்த அம்மையாரின் கைப்பக்குவத்தில் குறையில்லை. புளிக்குழம்பு உப்பை நம்பி நிற்கும் உணவு. உப்பை மட்டும் எடுத்துவிட்டால் புளிப்பும் காரமும் ஒன்றோடொன்று சேராமல் நாவை வருத்தும். பழகிய குழம்பிலிருந்து உப்பை நீக்கிப் போராடுவதைவிட, குறைந்த உப்பிலேயே நிறைவு தரும் வேறொரு சமையலைக் கற்றுக்கொள்வது எளிது என்பது என் கருத்து.

மேற்பயிற்சிக்காக மயாமி நகரில் இருந்த காலத்தில், கியூபாவிலிருந்து குடிபெயர்ந்த குடும்பத்தைச் சேர்ந்த சக மருத்துவர் ஒருவரின் வீட்டில் அத்தகைய உணவை உண்டேன். 'பார்கோ' எனப்படும் செம்மீனை, தலையும் வாலும் நீங்காமல், 'மோஹோ' என்னும் சாற்றில் ஊறவைத்து அடுப்பில் சுட்டிருந்தார்கள். மோஹோ என்பது பூண்டு, சீரகம், ஓரிகானோ இலை, சூடான ஆலிவ் எண்ணெய், புளிப்பு ஆரஞ்சுச் சாறு ஆகியவற்றின் கலவை. கியூபா மக்களும் இதில் உப்புச் சேர்ப்பவர்களே. ஆயினும் பூண்டின் காரமும் பழச்சாற்றின் புளிப்பும் சீரகத்தின் மணமும் முன்னிற்பதால், உப்பைப் பாதிக்கு மேல் குறைத்தாலும் நாக்கு அதைத் தேடுவதில்லை.

நம் சந்தையில் இதற்கு ஏற்றது சங்கரா மீன், கொடுவாவும் பொருந்தும். ஒரு கிலோ எடையுள்ள மீனில் உண்ணத்தக்க சதை பாதிக்கும் சற்றுக் குறைவாகவே இருக்கும். நால்வருக்கு அது போதும். சங்கராவின் 100 கிராம் சதையில் ஏறத்தாழ 20 கிராம் புரதமும் 2 கிராமுக்கும் குறைவான கொழுப்பும் உள்ளன. இயற்கையாக உள்ள சோடியமும் சுமார் 65 மில்லிகிராம்தான். மீன் தன்னளவில் உப்பு மிகுந்த உணவன்று. உப்பை நாம்தான் சேர்க்கிறோம்.

செதிலும் செவுளும் குடலும் நீக்கிய மீனைக் கழுவி, துணியால் ஈரம் ஒற்றி எடுங்கள். இருபுறமும் எலும்பைத் தொடும் வரை மூன்று கீறல்கள் இடுங்கள். எட்டுப் பல் பூண்டு, ஒரு தேக்கரண்டி வறுத்த சீரகம், சிறிது மிளகு, அரைத் தேக்கரண்டி உப்பு ஆகியவற்றை இடித்துக்கொள்ளுங்கள். நால்வருக்கும் சேர்த்து இந்த உப்பே முழு அளவு. ஓரிகானோ கிடைக்காவிடில் கற்பூரவல்லி இலை இரண்டை நறுக்கிச் சேர்க்கலாம். ஆங்கிலத்தில் அச்செடிக்குக் 'கியூபா ஓரிகானோ' என்றே பெயர் வழங்குவது வியப்பான ஒற்றுமை. இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயைச் சூடாக்கி இடித்த கலவையின்மேல் ஊற்றுங்கள். நன்கு ஆறிய பின்னரே பழச்சாற்றைச் சேர்க்க வேண்டும். கொதிக்கும் எண்ணெயில் சாறு பட்டால் தெறித்து முகத்தைச் சுடும்.

இனி மருத்துவனாக நான் வலியுறுத்த வேண்டிய செய்தி. கியூபாவில் பயன்படும் புளிப்பு ஆரஞ்சில், கிரேப்ஃபுரூட் பழத்தில் உள்ளதைப் போன்ற வேதிப்பொருள்கள் உண்டு. சில மருந்துகளைக் குடலிலேயே ஓரளவு சிதைக்கும் நொதியை அவை முடக்குகின்றன. அப்போது அதே மாத்திரை இரத்தத்தில் கூடுதல் அளவில் கலக்கிறது. ஃபெலோடிபின் என்னும் இரத்த அழுத்த மருந்து, கொழுப்பைக் குறைக்கும் சிம்வாஸ்டாடின், உறுப்பு மாற்றுச் சிகிச்சை பெற்றோர் உண்ணும் டாக்ரோலிமஸ், சைக்ளோஸ்போரின் ஆகியவை இவ்வகையில் கவனத்துக்குரியவை. என் நண்பரின் தாயார் ஃபெலோடிபின் உட்கொண்டு வந்தவர். அதனால் அவ்வீட்டில் புளிப்பு ஆரஞ்சைக் கைவிட்டு, இரண்டு பங்கு இனிப்பு ஆரஞ்சுச் சாற்றுடன் ஒரு பங்கு எலுமிச்சைச் சாறு கலந்தே மோஹோ செய்தார்கள். சுவை சற்று மென்மைப்பட்டது என்று அத்தாயார் குறைபட்டுக்கொண்டார். எனக்கு வேறுபாடு தெரியவில்லை. நீங்களும் அவ்வாறே செய்யுங்கள். சாத்துக்குடியும் இனிப்பு ஆரஞ்சு வகையே என்பதால் அதுவும் ஏற்றது. மேற்கூறிய மருந்துகளை உண்போர் நார்த்தங்காயையோ பம்பளிமாஸையோ இதற்குப் பிழிய வேண்டா.

அரைக் குவளைச் சாறு கலந்த இக்கலவையைக் கீறல்களிலும் வயிற்றினுள்ளும் தடவி, கண்ணாடி அல்லது எவர்சில்வர் பாத்திரத்தில் அரை மணி நேரம் குளிர்பெட்டியில் வையுங்கள். அதற்கு மேல் வைத்தால் சதை குழைந்துவிடும். புளிப்பில் ஊறிய மீன் வெளுத்துப்போய் வெந்ததுபோல் தோன்றலாம். ஆனால் கிருமிகள் அழிவது வெப்பத்தால் மட்டுமே. 200 டிகிரி வெப்பத்தில் சூடேற்றிய அடுப்பில், வட்டமாக நறுக்கிய வெங்காயத்தின்மேல் மீனைக் கிடத்தி, சுமார் 30 நிமிடம் வேகவிடுங்கள். இடையில் ஒருமுறை சாற்றை எடுத்து மேலே ஊற்றுங்கள். தலைக்குப் பின்னுள்ள தடித்த பகுதியில் சதை ஒளி ஊடுருவாத வெண்மை பெற்று, எலும்பைவிட்டு எளிதில் பிரிய வேண்டும். வெப்பமானி இருப்பின் உள்வெப்பம் 63 டிகிரியை எட்டியதா என்று பாருங்கள். சுடும் அடுப்பு இல்லாதோர் கனமான அகன்ற சட்டியில் வாழையிலை விரித்து, மூடியிட்டு, சிறுதீயில் ஒருமுறை திருப்பிப்போட்டுச் சமைக்கலாம்.

சிறுநீரக நோயாளிகளுக்குத் தனியாக ஒரு சொல். கியூபாவில் இம்மீனுடன் கறுப்பு பீன்ஸும் வாழைக்காய் வறுவலும் பரிமாறுவர். இரண்டிலும் பொட்டாசியம் மிகுதி. உங்களுக்கு வெறுஞ்சோறே துணையாகட்டும். மீனின் அளவை உங்கள் உணவியல் ஆலோசகர் கூறட்டும். 'குறைந்த சோடியம்' என்று கடைகளில் விற்கப்படும் உப்பில் சோடியத்திற்குப் பதிலாகப் பொட்டாசியம் இருக்கும். சிறுநீரகம் பழுதுற்றோருக்கும், இதயநோய்க்கான சில மருந்துகளை உண்போருக்கும் அது ஆபத்தாக முடியலாம். எங்களைக் கேளாமல் வாங்க வேண்டா.

முழுமீனைச் சுடுவதில் பராமரிப்போருக்கு ஒரு வசதி உண்டு. குழம்புக்காகத் துண்டு போடும்போது முள்கள் வெட்டுப்பட்டுச் சதைக்குள் சிதறுகின்றன. முழுதாக வெந்த மீனிலோ, மேற்புறச் சதையை எடுத்த பின் வாலைப் பிடித்துத் தூக்கினால் நடு எலும்பு பெரும்பாலும் ஒரே கோவையாக வந்துவிடும். அதன்பின் வயிற்றுப் பக்கத்துப் பக்கமுள்களை விரலால் தடவிப் பார்த்து எடுத்துவிட்டால், பல்லில்லாத முதியவர்க்கும் அச்சமின்றிப் பரிமாறலாம். பக்கவாதத்திற்குப் பின் விழுங்குவதில் இடர்ப்படுவோருக்கு மட்டும், விழுங்கும் திறனைப் பரிசோதித்த பிறகே மீன் கொடுங்கள். முள் தொண்டையில் தைத்துவிட்டால் சோற்றை உருட்டி விழுங்கி அதைத் தள்ள முயலாதீர்கள். அது ஆழமாகக் குத்தக்கூடும். உடனே காது மூக்கு தொண்டைப் பிரிவுக்கு வந்துவிடுங்கள்.