காலமும் இடமும் பிணைந்த மாயவுலகு

ஜப்பானியர் வழங்கும் பழங்கதைகளுள் உராஷிமா என்னும் மீனவன் கதை மிகத் தொன்மையது. 720ஆம் ஆண்டில் முடிவுற்ற நிஹோன் ஷோகி என்னும் வரலாற்று நூலிலேயே அது காணப்படுகின்றது. பிற்காலத்தார் விரித்துரைக்குமாறு, ஆமையொன்றின் துணையாற் கடலடி மாளிகை புக்க அவன், ஆங்கு 3 ஆண்டு இன்புற்றிருந்து, பெற்றோரை நினைந்து ஊர் திரும்பினன். மலையுங் கரையும் அவையே, வீடில்லை, உறவில்லை. 300 ஆண்டு கழிந்திருந்தன. திறவற்க எனப் பெற்ற பேழையைத் துயர் மிகுதியால் திறந்தான், வெண்புகை எழுந்தது, அந்நொடியே நரைத்து மூத்தான்.

மாயம் மாளிகையில் இல்லை. அதற்குச் செல்லும் வழியில் உளது. அவ்வழி கடப்பவன் தொலைவை மட்டுமன்றிக் காலத்தையும் உடன் கடக்கின்றான். அவன் வாழாது விட்ட ஆண்டுகளே பேழையுள் அடைபட்டிருந்தன என்று யாம் கொள்கின்றோம்.

நம் மாணவருட் சிலர், ரேவதியின் தந்தை பிரமலோகத்தில் இசை கேட்டிருந்த சிறுபொழுதிற் பூமியில் யுகங்கள் பல சென்றன என்னும் புராணக் கதையையுங் காட்டி, "ஐன்ஸ்டைன் சொன்னதைப் பழையோர் முன்னரே அறிந்திருந்தனர்" என்பர். யாம் உடன்படோம். ஐன்ஸ்டைன் 1905இல் உரைத்தது கதையன்று, அளவு. 1908இல் மின்கோவ்ஸ்கி இடத்தையுங் காலத்தையும் ஒன்றெனப் பிணைத்ததும் கணிதத்தாலேயாம். 1971இல் அணுக்கடிகாரங்களை வானூர்தியில் ஏற்றி உலகை வலம்வரச் செய்தனர். கிழக்கு நோக்கிச் சென்றவை, இயக்கமும் உயரமும் ஒருங்கு தாக்க, நொடியின் நூறுகோடிப் பங்கில் ஏறத்தாழ 59 பங்கு பிந்தின. முந்நூறாண்டு எங்கே, இஃதெங்கே!

ஆயினும் மீண்டு வந்தவன் நிலை கணக்கில் வாராது. பேழை திறப்பதன் முன், உராஷிமாவின் வீடு யாதென அவன் ஊராரை வினவினான். அப்பெயருடையான் ஒருவன் முன்னொரு காலத்துக் கடலுட் சென்று மீண்டிலன் என்று அவனிடமே விடை கூறினர்.