கண்ணில் விழும் பூவும் மருந்துக்கு அடங்காத பூஞ்சணமும்



கவ்வாத்து மலையிலோ மானா வெட்டும் இடத்திலோ ஒரு குச்சி கண்ணில் அடித்துவிட்டால் நம் ஆட்கள் சொல்கிற முதல் வார்த்தை “ஒன்னுமில்ல, சரியாப் போயிரும்” என்பதுதான். அனேகமாகச் சரியாகியும் போகிறது. சரியாகாமல் போகிற சில கண்களைப் பற்றித்தான் இந்த முறை நாம் படிக்கப் போகிறோம். கண்ணில் பூ விழுந்துவிட்டது என்று ஊரில் சொல்கிறோமே, அந்தப் பூவில் ஒரு பங்கு உண்மையிலேயே பூஞ்சணத்தால் வருவது. பள்ளிப் புத்தகத்தில் பங்கசு என்று எழுதியிருப்பார்கள்.

கண்ணின் முன்னால் கைக்கடிகாரத்துக் கண்ணாடி மாதிரித் தெளிவாக இருப்பது கருவிழி. அதன் தடிப்பு சுமார் அரை மில்லிமீற்றர்தான். மேல்தோல் கீறுப்படாமல் இருக்கும்வரை கிருமி லேசில் உள்ளே போகாது. கீறிவிட்டால் கதவு திறந்த மாதிரி. குச்சியிலும் காய்ந்த இலையிலும் மண்ணிலும் பூஞ்சணத்தின் வித்துக்கள் எப்போதும் இருக்கின்றன. பழைய பாணிலும் மழைக்காலத்தில் லயத்துச் சுவரிலும் பூக்கிற அதே குலம்தான். வாழையை வாடவைக்கிற பூஞ்சணம் ஒன்று இருக்கிறது. அதன் இனத்துக்குப் பியூசேரியம் என்று பெயர். மனிதக் கண்ணைப் பிடிப்பதும் அந்த இனத்தைச் சேர்ந்த வேறு வகைகள். தேமலுக்கும் படைக்கும் கொடுக்கிற மருந்துகளில் பல இந்தப் பியூசேரியத்திடம் எடுபடுவதில்லை. அதன் பிறவிக் குணமே அது.

குளிர் நாடுகளில் இது அபூர்வமான வருத்தம். வெயிலும் ஈரமும் மண் வேலையும் உள்ள நாடுகளில் அப்படியில்லை. மதுரை அரவிந்த் கண் மருத்துவமனையில் மூன்று மாத காலத்தில் கருவிழிப் புண்ணோடு வந்த 434 பேரைப் பரிசோதித்து 1997இல் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். அவர்களில் 284 பேருக்கு முன்பு கண்ணில் அடிபட்டிருந்தது. 297 பேரின் புண்ணிலிருந்து கிருமியை வளர்த்தெடுக்க முடிந்தது. அதில் 139 பேருக்குப் பூஞ்சணம் மட்டுமே காரணம். வளர்ந்த பூஞ்சணங்களில் பாதிக்குக் கிட்ட பியூசேரியம். நாமும் அதே மாதிரி செடிக்குள்ளே நின்று வேலை செய்கிறவர்கள் என்பதால்தான் இதைச் சொல்கிறோம்.

ஒரு கவ்வாத்துக்காரர் என்று வைத்துக்கொள்வோம். செவ்வாய்க்கிழமை குச்சி அடித்தது. வீட்டில் தாய்ப்பால் விட்டார்கள், நந்தியாவட்டைப் பூச்சாறு விட்டார்கள். பாட்டி நாக்கால் தூசி எடுத்தார். நாலாம் நாள் கண் சிவந்து நீர் வடிந்தது. டவுனுக்குப் போன ஆளிடம் சொல்லிப் பாமசியில் ஒரு போத்தல் சொட்டு மருந்து வாங்கினார்கள். விட்டதும் சிவப்புக் குறைந்தது, நோவும் குறைந்தது. “நல்ல மருந்து” என்று சந்தோஷப்பட்டார்கள். அந்தச் சொட்டில் ஸ்டிரொயிட் கலந்திருந்தால் நடப்பது வேறு. ஸ்டிரொயிட் உடம்பின் எதிர்ப்பைத்தான் அடக்குகிறது. சிவப்பும் நோவும் உடம்பு போடுகிற சண்டையின் அடையாளம். சண்டை நின்றால் பூஞ்சணத்துக்குக் கொண்டாட்டம். அது வேர் விடுகிற மாதிரி நூல் நூலாக உள்ளே இறங்கும். இரண்டு கிழமை கழித்துக் கண்ணில் வெள்ளை தெரியும்போதுதான் ஆள் பெரியாஸ்பத்திரிக்குப் போவார். எங்களுக்குக் கோபம் வருவது பாட்டி மேல் அல்ல. சீட்டுக் கேட்காமல் அந்தப் போத்தலை எடுத்துக் கொடுக்கிற கடை மேல்தான்.

பூஞ்சணப் புண் மெதுவாகவே வளரும். சாம்பல் கலந்த வெள்ளையாக இருக்கும், ஓரம் இறகு மாதிரி கலைந்திருக்கும். சில சமயம் பெரிய புண்ணைச் சுற்றிச் சின்னச் சின்னப் புள்ளிகள். இன்னும் முற்றினால் கருவிழிக்குப் பின்னால் அடியில் சீழ் வெள்ளைக் கோடாகத் தங்கி நிற்கும். ஆனால் பார்வையால் மட்டும் அடித்துச் சொல்ல முடியாது. பற்றீரியா புண்ணும் சில நேரம் இப்படியே இருக்கும். அதனால்தான் டொக்டர்மார் கண்ணைச் சுரண்டிப் பார்க்க வேண்டும் என்கிறார்கள். சுரண்டுவது என்றதும் பயந்து ஓடி வந்தவர்களும் உண்டு. பயப்பட ஒன்றுமில்லை. முதலில் மரக்கச் செய்யும் சொட்டு விடுவார்கள், அதன் பிறகு சின்னக் கத்தியால் புண்ணின் மேலிருந்து துளி எடுப்பார்கள். கண்ணாடித் தகட்டில் வைத்து பொட்டாசியம் ஹைட்ரொக்சைட் என்ற காரத் திராவகம் ஒரு சொட்டு விட்டு நுணுக்குக்காட்டியில் பார்ப்பார்கள். பூஞ்சணம் என்றால் கிளை விட்ட நூல்கள் தெரியும். சில நிமிட வேலை இது.

நூல் தெரிந்தால் பூஞ்சணம் என்று மட்டும் தெரியும், எந்தப் பூஞ்சணம் என்று தெரியாது. அதற்கு அதை வளர்க்க வேண்டும். உருளைக்கிழங்குச் சாறும் சீனியும் சேர்த்துக் கட்டியாக்கிய பசையில் வளர்ப்பது ஒரு முறை (நுவரெலியாப் பக்கத்து ஆட்களுக்கு இது பிடிக்கும்). சில நாட்கள் எடுக்கும், சிலது ஒரு கிழமைக்கும் மேலே. வீட்டில் கண்ட கண்ட சொட்டை விட்டுவிட்டுப் போனால் சில நேரம் ஒன்றுமே வளராது. டொக்டருக்கும் இருட்டில் தேடுகிற நிலைமைதான்.

மருந்து விஷயத்தில் ஒரு வேடிக்கை நடந்தது. நட்டமைசின் என்பது பழைய மருந்து. 1955இல் தென்னாபிரிக்காவின் நட்டால் பகுதி மண்ணில் கிடைத்த நுண்ணுயிரிலிருந்து எடுத்தது. வொரிகொனசோல் புதியது, விலை கூடியது, கருவிழிக்குள் நன்றாக ஊறக்கூடியது. புதியதுதான் சிறந்தது என்று பலரும் நினைத்தார்கள். 2010இலும் 2011இலும் மதுரையை மையமாக வைத்து 323 நோயாளிகளுக்கு இரண்டில் ஒன்றைக் குலுக்கல் முறையில் கொடுத்துப் பார்த்தார்கள். 2013இல் முடிவு வெளியானது. பழையதே வென்றது. பியூசேரியம் பிடித்த கண்களில் மூன்று மாதத்தின் பின் நட்டமைசின் விட்டவர்கள் எழுத்துப் பலகையில் ஏறக்குறைய 4 வரி கூடுதலாக வாசித்தார்கள். கருவிழி ஓட்டையாவதும் குறைவாக இருந்தது. மற்றப் பூஞ்சணங்களில் பெரிய வித்தியாசம் இல்லை. புண் முற்றியவர்களுக்குச் சொட்டோடு வொரிகொனசோல் குளிசையும் சேர்த்துக் கொடுத்த இன்னொரு ஆய்வு 240 பேரிடம் நடந்து 2016இல் வெளிவந்தது. குளிசையால் மொத்தத்தில் நன்மை தெரியவில்லை. ஆகவே யாராவது “விலை கூடின மருந்து எழுதல, இந்த டொக்டர் சரியில்ல” என்று சொன்னால் நம்ப வேண்டாம்.

நட்டமைசின் பால் மாதிரிக் கலங்கிய மருந்து, நின்றால் அடியில் தங்கிவிடும். ஒவ்வொரு தடவையும் போத்தலைக் குலுக்கித்தான் விட வேண்டும். முதல் கிழமை விழித்திருக்கும் நேரமெல்லாம் மணிக்கு ஒரு தடவை என்று சொல்வார்கள், பிறகு டொக்டர் குறைப்பார். மூன்று கிழமையாவது போகும், பலருக்கு அதற்கும் மேலே. மருந்து புண்ணின் மேலே வெள்ளையாக ஒட்டிக்கொள்ளும். அதைப் பார்த்து “பூ பெரிசாயிருச்சு” என்று பாதியில் நிறுத்துகிறவர்கள் இருக்கிறார்கள். நிறுத்த வேண்டாம். இந்த மருந்து ஆழத்துக்கு ஊறாது. அதனால் டொக்டர் இடையிடையே மேலே சுரண்டிவிடுவதும் உண்டு. ஆழமாகப் போய்விட்டால், அல்லது ஓட்டையாகிவிட்டால், இறந்தவர் தானம் செய்த கருவிழியை வைத்துத் தைப்பதுதான் வழி. டொக்டர் ஹட்சன் சில்வா 1961இல் ஆரம்பித்த கண் தானச் சங்கத்தால் இந்த விஷயத்தில் நம் நாட்டுக்கு உலகத்தில் நல்ல பெயர் உண்டு. ஆனால் பூஞ்சணம் புதுக் கருவிழியிலும் திரும்பி வரலாம்.

இவ்வளவு தூரம் போகாமல் தடுக்க முடியுமா? நேபாளத்தில் பக்தப்பூர் என்ற இடத்தில் செய்து காட்டினார்கள். கிராமத்துச் சுகாதாரப் பணியாளர்களைப் பழக்கி, கண்ணில் கீறல் பட்டவர்களைத் தேடிப் பிடித்து, குளோரம்பெனிக்கோல் 1 வீதக் களிம்பு மூன்று நாள் போட வைத்தார்கள். 2001இல் வெளிவந்த கணக்கு இது. அடிபட்டு 18 மணித்தியாலத்துக்குள் வந்த 284 பேரில் ஒருவருக்கும் புண் வரவில்லை. 18க்கும் 24க்கும் இடையில் வந்த 109 பேரில் 4 பேருக்கு வந்தது. ஒரு நாள் தாண்டி இரண்டாம் நாள் வந்த 49 பேரில் 14 பேருக்கு வந்தது. மருந்து ஒன்றுதான், நேரம்தான் வேறு. இந்தக் களிம்பு புதுக் கீறலுக்கு மட்டும்தான். வெள்ளை தெரிந்த பிறகு இதைப் போட்டுக்கொண்டு இருப்பது நாளை வீணாக்குவது.

அடிபட்டதும் கண்ணைக் கசக்காமல் சுத்தமான தண்ணீரால் கழுவுங்கள். குத்தி நிற்கிற எதையும் பிடுங்க வேண்டாம், துணியால் இறுக்கிக் கட்டவும் வேண்டாம். அன்றைக்கே டிஸ்பென்சரிக்குப் போய்த் தோட்டத்து டொக்டரையாவிடம் காட்டுங்கள். அரைப்பேர் போயிரும் என்று பொழுதுசாயும்வரை மலையில் நிற்பது எங்களுக்குத் தெரியாத விஷயமல்ல. வேலை நேரத்தில் வேலைத்தலத்தில் பட்ட காயம் இது, அப்படியே பதிய வேண்டும். கங்காணிமாரே, அடிபட்ட நேரத்தையும் எதனால் அடிபட்டது என்பதையும் துண்டில் எழுதிக் கொடுத்து விடுங்கள். பெரியாஸ்பத்திரிக்கு அனுப்பினால் அந்தத் துண்டையும், அதுவரை கண்ணில் விட்ட போத்தல்கள் எல்லாவற்றையும், வெறும் போத்தல் என்றாலும், பையில் போட்டுக் கொண்டு போங்கள். தாய்ப்பால் விட்டிருந்தால் அதையும் வெட்கப்படாமல் சொல்லுங்கள்.