ஏழு புத்தர்களும் ஒரே வரலாறும்

கொல்கத்தா இந்தியப் பொருட்காட்சிச்சாலையில் பார்ஹூத் தூபத்தின் கல்வேலி இருக்கின்றது. 1873-இல் கன்னிங்காம் கண்டறிந்த இது கி. மு. 2-ஆம் நூற்றாண்டினது. பகவன் மனித உருவில் இதில் காட்டப்படவில்லை. போதி மரமே அவரைக் குறிக்கும். விபஸ்ஸிக்குப் பாதிரி, வெஸ்ஸபூவுக்குச் சாலம், ககுசந்தருக்கு வாகை, கோணாகமனருக்கு அத்தி, கஸ்ஸபருக்கு ஆல், சாக்கியமுனிக்கு அரசு எனப் பெயரும் பொறித்திருக்கின்றனர்.

மரங்கள் பல, வரலாறோ ஒன்றே! தீக நிகாயத்து மகாபதான சுத்தம் இதற்குக் காரணம் கூறுகின்றது. விபஸ்ஸி 91 கற்பங்களுக்கு முன் தோன்றியவர். போதிசத்துவர் துசித உலகினின்று நினைவோடு இறங்குதலும், அன்னை நின்றவாறே ஈன்று ஏழாம் நாள் மறைதலும், பதினாயிரம் உலகங்கள் அதிர்தலும் எக்கற்பத்திலும் மாறா. இந்நியதிக்குத் ‘தம்மதா’ என்று பெயர்.

அவ்வாறாயின் ஞானமும் நியதியால் தானே வந்ததோ? இவ்விடத்தில் நாம் மெல்லப் படித்தல் வேண்டும். அச்சுத்தத்தில் ‘தம்மதா’ என்னும் சொல் கருவுறுதல், பிறப்பு ஆகிய செய்திகளுக்கே வருகின்றது. போதியைக் கூறுமிடத்தில் அச்சொல் இல்லை. மூப்பும் சாவும் எதனால் உண்டாயின என்று விபஸ்ஸி தாமே முறையாக ஆராய்ந்து, காரணத்தை ஒவ்வொன்றாகக் கண்டார். கோதமரும் அவ்வாறே தாமே ஆராய்ந்து கண்டார்.

இன்னொன்று. புத்தருக்குப் புத்தர் வேறுபடுவன இவையென அச்சுத்தம் ஒரு வரிசை தருகின்றது. எழுவருள் நால்வர் க்ஷத்திரியர், மூவர் பிராமணர். ஆயுளும் மரமும் இருக்கும் அவ்வரிசையிலேதான் குலமும் இருக்கின்றது.